மூன்று கால் காக்கை: மதுரையில் இருந்தபடியே ஜப்பான் கால்பந்தைப் பின்தொடர்வது எப்படி

செல்லூரில் ஜெர்சி தைக்கும் கடை வைத்திருக்கிறேன். கபடி அணி, டென்னிஸ் பந்து கிரிக்கெட் அணி, மாடுபிடி வீரர்கள், சித்திரைத் திருவிழாவில் நீர்மோர் கொடுக்கும் இளைஞர் மன்றம் என்று ஒரே நிறத்தில் சட்டை வேண்டுகிற எல்லோரும் வருவார்கள். 2022 டிசம்பர் முதல் வாரத்தில் கல்லூரி மாணவர்கள் நான்கு பேர் வந்து 16 நீலச் சட்டைகள் கேட்டார்கள். கத்தாரில் உலகக் கோப்பை நடந்துகொண்டிருந்தது. ஜப்பான் ஜெர்மனியையும் ஸ்பெயினையும் 2–1 என்ற அதே கணக்கில் தோற்கடித்திருந்தது. நெஞ்சில் அந்த அணியின் சின்னம் வேண்டும் என்று போனில் புளியங்கொட்டை அளவுக்கு ஒரு படத்தைக் காட்டினார்கள். கறுப்புப் பறவை, அதன் காலில் ஒரு பந்து.

என் கடையில் கணினியில் படம் போடும் தம்பி பொறுப்பானவன். படம் மங்கலாக இருந்ததால் பெரிதாக்கிப் புதிதாகவே வரைந்தான். வரையும்போது பறவைக்கு மூன்று கால் இருப்பதைப் பார்த்திருக்கிறான். யாரோ தவறாகப் போட்டுவிட்டார்கள் என்று ஒரு காலை அழித்துவிட்டான். அச்சுக்குப் போகும் முன் நானும் பார்த்தேன். காக்கை, இரண்டு கால், சரி. காகிதத்தில் அச்சடித்து, வெள்ளைத் துணியில் சூடு வைத்து ஏற்றி, வெட்டி, தைத்து, மடித்துக் கவரில் போட்டு அடுக்கிவிட்டோம். வந்து பிரித்த பையன் விரலால் எண்ணினான். “அண்ணே, இன்னொரு கால் எங்கே?” என்றான்.

கட்டிங் மாஸ்டருக்கு அது பிடிபடவே இல்லை. “சனீஸ்வரன் வாகனத்தை நெஞ்சில் வைத்துக்கொண்டு ஆடுவதே தப்பு, இதில் கால் கணக்கு வேறா?” என்றார். 16 சட்டைகளையும் என் செலவில் மறுபடி அடித்துக் கொடுத்தேன்.

அன்றிரவுதான் அந்தப் பறவையைப் பற்றிப் படித்தேன். யாதகராசு என்று பெயர். ஜப்பானியப் புராணக் கதையில், முதல் பேரரசர் ஜிம்முவுக்கு மலைக்காட்டில் வழி காட்டிப் போன காக்கை. ஜப்பான் கால்பந்துச் சங்கம் 1921இல் தொடங்கியது. அதன் சின்னம் இந்தக் காக்கைதான். காக்கையில் தொடங்கிய படிப்பு நிற்கவில்லை. இப்போது ஞாயிறு காலை என் கடைக்கு வருகிறவர்கள் ஜப்பான் ஆட்டம் ஓடுவதைப் பார்த்து, “இதை எப்படி அண்ணே பின்தொடர்கிறீர்கள், தலையும் காலும் புரியவில்லையே” என்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் சொல்லி வாய் வலித்துவிட்டது. எழுதி வைத்துவிடுகிறேன்.

முதலில் கடிகாரம்

ஐரோப்பிய ஆட்டம் பார்க்கிறவர்களை நான் பார்த்த மாத்திரத்தில் சொல்லிவிடுவேன். நள்ளிரவு பன்னிரண்டரைக்குத் தொடங்கும் ஆட்டத்தைப் பார்த்துவிட்டு, கண் சிவந்து, காலை பத்து மணிக்குக் கொட்டாவி விட்டபடி அளவு கொடுப்பார்கள். ஜப்பான் கால்பந்துக்கு இந்தத் தண்டனை இல்லை. அந்த நாடு நம்மைவிட மூன்றரை மணி நேரம் முன்னால் போகிறது. அங்கே பகல் 2 மணி ஆட்டம் நமக்குக் காலை 10.30. இரவு 7 மணி ஆட்டம் நமக்கு மாலை 3.30. நடு விசில் ஊதும்போது எழுந்துபோய்ப் பருத்திப்பால் குடித்துவிட்டு வரலாம்.

அட்டவணையில் ஜப்பான் நேரம் போட்டிருந்தால் மூன்றரை மணி நேரத்தைக் கழிக்க வேண்டும். கூட்டக் கூடாது. இதை அழுத்திச் சொல்லக் காரணம், முதல் ஞாயிறு நான் கூட்டிவிட்டேன். மாலை ஐந்தரைக்குப் போனைத் துடைத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். ஆட்டம் மதியச் சாப்பாட்டுக்கு முன்பே முடிந்திருந்தது.

ஜப்பானின் தொழில்முறைக் கால்பந்து லீக்கான ஜே லீக்கின் சொந்த யூடியூப் பக்கத்தில் ஆட்டச் சுருக்கங்கள் கிடைக்கும். புதியவர்களுக்கு அதுவே போதும். தையல் கடைக்காரர்களுக்கு ஒரு தனிக் குறிப்பு: போனை ஓவர்லாக் மிஷின் பலகையில் சாய்த்து வைக்காதீர்கள், அதிர்ந்து அதிர்ந்து விழும். கட்டிங் மேசையில், நூல் கோன் ஒன்றின் மேல் சாய்த்தால் அசையாது.

ஆளைப் பிடிக்காதீர்கள், ஊரைப் பிடியுங்கள்

நம் ஊரில் பையன்கள் ஒரு வீரரைப் பிடித்துக்கொண்டு, அவர் போகும் இடமெல்லாம் அணி மாறுகிறார்கள். என் வியாபாரத்துக்கு நல்லதுதான், புதுச் சட்டை போகும். ஆனால் ஜப்பான் லீக்கில் இந்த வழி சரிப்படாது. இருபது, இருபத்தொரு வயதில் நன்றாக ஆடத் தொடங்கும் பையன் அடுத்த ஆண்டே பெல்ஜியத்துக்கோ ஜெர்மனிக்கோ போய்விடுவான். நீங்கள் ஏமாந்து நிற்பீர்கள். ஊர் எங்கும் போகாது.

ஊரைப் பிடிக்கச் சொல்வதற்கு இன்னொரு காரணம் உண்டு. ஜே லீக்கின் அடித்தளமே அதுதான். அதைப் புரிந்துகொள்ள, முன்பிருந்த நிலையைப் பார்க்க வேண்டும். 1965இல் தொடங்கிய பழைய தேசிய லீக்கில் ஆடியவை ஆலைகளின் அணிகள். மிட்சுபிஷி ஓர் அணி, ஹிட்டாச்சி ஓர் அணி, ஃபுருகாவா மின்சார நிறுவனம் ஓர் அணி, யாவாத்தா இரும்பாலை ஓர் அணி என்று 8 அணிகள். வீரர்கள் அந்த நிறுவனங்களின் ஊழியர்கள். பெயர் நிறுவனத்துடையது, பெருமையும் நிறுவனத்துடையது. ஊர்க்காரனுக்கு அதில் என்ன இருக்கிறது?

1991இல் ஜே லீக்கை அமைத்தபோது அதன் முதல் தலைவர் சபுரோ கவாபுச்சி ஒரு விதியில் பிடிவாதமாக நின்றார். அணியின் பெயரில் நிறுவனத்தின் பெயர் இருக்கக் கூடாது, ஊரின் பெயர் இருக்க வேண்டும். அவரும் ஃபுருகாவா அணியில் ஆடி வந்தவர்தான்.

இந்த விதியின் அருமை எனக்குத் தெரியும், ஏனென்றால் நான் உபயம் அச்சடிக்கிறவன். எங்கள் பக்கம் ஓர் அணிக்கு 12 சட்டை அடித்தால் பணம் கொடுத்தவரின் பெயர் முதுகு முழுக்க வரும், ஊர்ப் பெயர் கைப்பக்கத்தில் எறும்பு வரிசை போல வரும். அடுத்த ஆண்டு உபயதாரர் மாறுவார், அணியின் பெயரும் மாறும். ஒரே பையன்கள், ஒரே மைதானம், மூன்று ஆண்டுகளில் மூன்று பெயர். ஜப்பானில் உபயதாரரை விரட்டவில்லை, அதைக் கவனியுங்கள். மார்பில் நிறுவனத்தின் பெயர் இன்றும் பெரிதாகவே இருக்கும். மிட்சுபிஷி உராவா ஆனது, மட்சுஷிடா கம்பா ஒசாகா ஆனது, மாஸ்டா ஹிரோஷிமா ஆனது, நிஸான் யோகோஹாமா மரினோஸ் ஆனது. பணம் நின்றுவிடவில்லை, பெயர் மட்டும் ஊருக்குப் போனது. எல்லோரும் சுலபத்தில் ஒப்புக்கொண்டதாக நினைக்க வேண்டாம். வெர்டி அணியை வைத்திருந்த யோமியுரி செய்தித்தாள் தன் பக்கங்களில் யோமியுரி வெர்டி என்றே எழுதிக்கொண்டிருந்தது.

முதல் ஆட்டம் 1993 மே 15. தோக்கியோ தேசிய மைதானத்தில் 59,626 பேர். மரினோஸ் 2, வெர்டி 1. அன்று லீக்கில் இருந்தவை 10 அணிகள். அவற்றில் சிறிய ஊர் காஷிமா. இரும்பாலையை ஒட்டிய ஊர். லீக்கில் சேர வாய்ப்பே இல்லை, கூரை போட்ட 15,000 இருக்கை மைதானம் கட்டினால் யோசிக்கலாம் என்று லீக் தரப்பில் தட்டிக் கழிப்பதற்காகச் சொன்னதைப் பிடித்துக்கொண்டு, கட்டியே காட்டிவிட்டார்கள். பிரேசிலின் சீக்கோவையும் அழைத்து வந்தார்கள். 40 வயதில், காஷிமாவின் முதல் லீக் ஆட்டத்திலேயே அவர் மூன்று கோல் போட்டார். நாகோயாவுக்கு எதிராக 5–0. அந்த நாகோயாவில் இங்கிலாந்தின் கேரி லினேக்கர் இருந்தார். இன்று முதல் பிரிவுப் பட்டத்தை அதிக முறை வென்றிருக்கும் அணி காஷிமாதான்.

பெயரை அவிழ்த்துப் பாருங்கள்

அணியைத் தேர்ந்தெடுக்க நான் சொல்லும் வழி, பெயரின் பொருளைப் படிப்பது. தமிழ்நாட்டில் ஊர்ப் பெயர் ஆராய்ச்சியில் ருசி உள்ளவர்களுக்கு இது வெல்லம்.

காஷிமா ஆன்ட்லர்ஸ் என்பது மான் கொம்பு. அந்த ஊர்க் கோயிலில் மான்கள் உண்டு. சான்ஃப்ரெச்சே ஹிரோஷிமா: சான் என்றால் ஜப்பானிய மொழியில் மூன்று, ஃப்ரெச்சே என்றால் இத்தாலிய மொழியில் அம்புகள். ஓர் அம்பை ஒடிக்கலாம், மூன்றைச் சேர்த்து ஒடிக்க முடியாது என்று அந்தப் பகுதிப் பிரபு மோரி மோத்தொனாரி தன் மூன்று மகன்களுக்குச் சொன்ன கதை. கம்பா ஒசாகாவில் இத்தாலிய மொழியின் காலும், விடாமுயற்சி என்னும் ஜப்பானியச் சொல்லும் ஒட்டிக்கொண்டிருக்கின்றன. சப்போரோக்காரர்கள் குறும்பர்கள். ஹொக்காய்தோ மண்ணில் பிறந்தவனுக்கு தோசான்கோ என்று பெயர். அதைத் தலைகீழாகப் புரட்டி, வாலில் ‘ஒலே’ என்ற ஸ்பானிய ஆரவாரத்தைக் கட்டி, கொன்சாதோலே ஆக்கிவிட்டார்கள். நாகோயாவின் கிராம்பஸ் ஒரு கடல் விலங்கு. அந்த ஊர்க் கோட்டையின் கூரை உச்சியில் தங்கத்தில் நிற்கும் உருவத்திலிருந்து வந்தது.

என் அணி வெகால்டா செண்டாய். எப்படிப் பிடித்தேன் என்று சொல்கிறேன். வேகா, ஆல்டேர் என்ற இரண்டு நட்சத்திரங்களின் பெயரைச் சேர்த்து வெகால்டா. நம் பஞ்சாங்கத்தில் அவை அபிஜித், திருவோணம். ஜப்பானியக் கதையில் ஒன்று நெசவுக்காரப் பெண், மற்றொன்று மாடு மேய்க்கும் பையன். காதலித்துக்கொண்டு வேலையை விட்டுவிட்டார்கள் என்று, இடையில் ஆகாய கங்கையை ஓடவிட்டு இருவரையும் பிரித்துவிட்டார்கள். ஆண்டுக்கு ஒரு நாள்தான் சந்திப்பு. அந்த நாள் தனாபதா திருவிழா. செண்டாயில் ஆகஸ்ட் மாதம் அது பெரிய கொண்டாட்டம். என் அப்பா தறி நெய்தவர். வீட்டின் முன்கூடத்தில் 2 தறிகள் இருந்தன. கால்பந்து அணியின் பெயரில் ஒரு நெசவுக்காரி இருக்கிறாள் என்று படித்த பிறகு வேறு அணியைத் தேட எனக்கு மனம் வரவில்லை.

பட்டங்களை எண்ணி அணி பிடிக்கிறவர்கள் என்னைப் பார்த்துச் சிரிக்கலாம். வெகால்டா ஒருமுறைகூட முதல் பிரிவுப் பட்டம் வென்றதில்லை. ஆனால் 2011ஐப் பாருங்கள். மார்ச் 11 அன்று நிலநடுக்கமும் சுனாமியும் அந்தக் கரையை வாரிக்கொண்டு போயின. லீக் நின்றது. ஏப்ரல் 23 அன்று மறுபடி தொடங்கியபோது செண்டாய் முதலில் ஒரு கோல் வாங்கி, பிறகு இரண்டு போட்டு, கவாசாகியை அதன் சொந்த மைதானத்தில் 2–1 என்று வென்றது. அந்தப் பருவத்தில் நான்காம் இடம், அடுத்த பருவத்தில் இரண்டாம் இடம். 2004 டிசம்பரில் நாகப்பட்டினத்தைப் பார்த்தவர்கள் நாம். அந்த ஏப்ரல் ஆட்டத்தின் சுருக்கத்தை இப்போது தேடிப் பார்த்தாலும், சமன் செய்த கோலைப் போட்டவர் அழுதபடி ஓடுவதை என்னால் முழுதாகப் பார்க்க முடிவதில்லை.

படிக்கட்டைக் கீழிருந்து படியுங்கள்

1993இல் 10 அணிகள் என்றேன். இன்று மூன்று பிரிவுகளில் 20, 20, 20 என்று 60. இரண்டாம் பிரிவு 1999இல் வந்தது, மூன்றாவது 2014இல். மூன்றாம் பிரிவுக்கும் கீழே தொழில்முறை அல்லாத லீக், அதற்கும் கீழே வட்டார லீக்குகள். ஊர்க் குழு ஒன்று படிப்படியாக மேலே ஏறி வரலாம். நம் நாட்டில் கால்பந்து பேசுகிறவர்கள் ஜப்பானைப் பற்றிச் சொல்லும்போது மேல்தட்டை மட்டும் பார்க்கிறார்கள். ஏணியின் நீளத்தைப் பார்ப்பதில்லை.

எனவே புள்ளிப் பட்டியலை எடுத்தால் அடியிலிருந்து படியுங்கள். முதல் பிரிவில் வழக்கமாகக் கடைசி மூன்று அணிகள் இறங்கும். இரண்டாம் பிரிவில் முதல் இரண்டு நேராக ஏறும். மூன்றாம் இடத்திலிருந்து ஆறாம் இடம் வரை உள்ள நான்கு அணிகள் மிச்சமிருக்கும் ஒரே இடத்துக்கு மோதும். அந்த மோதலைத் தவறவிடாதீர்கள். என் வெகால்டா 2021 முடிவில் கீழே இறங்கியது. 2024 டிசம்பரில் அந்தக் கடைசி ஆட்டம் வரை போய், ஒகாயாமாவிடம் 0–2 என்று தோற்றது. ஒகாயாமாவுக்கு அதுதான் முதல் பிரிவில் முதல் நுழைவு. அன்று நான் தைத்த சட்டைகளில் இரண்டுக்குக் கையை இடம் மாற்றித் தைத்துவிட்டேன்.

முதல் ஆட்டத்தில் ஆடிய வெர்டியும் கீழே விழுந்த அணிதான். தொடக்கக் காலத்தின் பெரிய பணக்கார அணி, 2008 முடிவில் இறங்கி, 15 பருவங்கள் இரண்டாம் பிரிவில் கிடந்து, 2024இல்தான் திரும்பியது. யோகோஹாமா ஃப்ளூகெல்ஸுக்கு அந்த அதிர்ஷ்டம்கூட இல்லை. பணம் போட்ட நிறுவனம் கைவிட்டதால் 1999இல் அதைப் பக்கத்து மரினோஸோடு இணைத்துவிட்டார்கள். கடைசி ஆட்டம் 1999 ஜனவரி 1, பேரரசர் கோப்பை இறுதி. அதில் வென்று, கோப்பையைத் தூக்கிக்கொண்டு, அன்றோடு அணி இல்லாமல் போனது. ரசிகர்கள் விடவில்லை. இணைப்பை ஏற்காமல் தாங்களே காசு சேர்த்து யோகோஹாமா எஃப்சி என்று புது அணியைத் தொடங்கினார்கள். அந்த அணியில்தான் 1967இல் பிறந்த கசுயோஷி மியுரா 2017 மார்ச்சில், 50 வயதில், ஒரு கோல் அடித்தார். மரினோஸ் பெயரில் இன்றும் எஃப் என்று ஓர் எழுத்து உட்கார்ந்திருக்கிறது. செத்துப்போன அணியின் முதலெழுத்து அது.

இதில் ஒன்றைக் குறித்துக்கொள்ளுங்கள். 2025 வரை ஜப்பான் லீக் பிப்ரவரி வாக்கில் தொடங்கி டிசம்பரில் முடியும். 2026 ஆகஸ்டிலிருந்து அதை மாற்றுகிறார்கள். ஆகஸ்டில் தொடங்கி, பனிக்காலத்தில் இடைவெளி விட்டு, அடுத்த ஆண்டுக் கோடையில் முடியும். ஐரோப்பாவின் நாள்காட்டியோடு ஒத்துப்போகவும், அந்த ஊர்க் கோடைப் புழுக்கத்தைக் குறைத்துக்கொள்ளவும்தான் இது. பழைய பதிவுகளைப் படித்துவிட்டுப் பிப்ரவரியில் வந்து தொடக்க ஆட்டம் எங்கே என்று கேட்காதீர்கள்.

தேசிய அணிக்கு ஒரு நோட்டு போடுங்கள்

நாற்பது பக்க நோட்டு போதும். வெற்றிகளை எழுதாதீர்கள், அவை தாமாகவே உங்கள் போனுக்கு வரும். தோல்விகளை வரிசையாக எழுதுங்கள்.

முதல் வரி நமக்கு இனிப்பானது. 1962 ஜகார்த்தா ஆசிய விளையாட்டில் இந்தியா ஜப்பானை 2–0 என்று வென்றது, அந்தத் தங்கத்தையும் வென்றது. இதைச் சொல்லி மார்தட்டிக்கொள்ளும் பெரியவர்கள் இன்னும் இருக்கிறார்கள். தட்டட்டும். ஆனால் அப்போது ஜப்பானில் என்ன நடந்துகொண்டிருந்தது என்பதை அடுத்த வரியில் எழுதுங்கள். 1964 ஒலிம்பிக்குக்காக டெட்மார் கிராமர் என்ற ஜெர்மானியப் பயிற்சியாளரை அழைத்திருந்தார்கள். அவர் அணியைத் தயாரித்ததோடு போகவில்லை. தேசிய லீக் வேண்டும், பயிற்சியாளர்களுக்குப் பயிற்சி வேண்டும், புல்தரை வேண்டும் என்று சொல்லிவிட்டுப் போனார். சொன்னதைச் செய்தார்கள், அடுத்த ஆண்டே லீக் வந்தது. 1968 மெக்சிகோ ஒலிம்பிக்கில் வெண்கலம். கமாமொத்தோ 7 கோல் போட்டார்.

அதோடு ஏறுமுகம்தான் என்று நினைத்தால் தவறு. அதன் பிறகு 28 ஆண்டுகள் ஒலிம்பிக் வாசலையே மிதிக்கவில்லை. உலகக் கோப்பையோ எட்டாக் கனி.

1993 அக்டோபர் 28, தோஹா. இராக்குக்கு எதிராக 2–1 என்று முன்னிலை. இன்னும் சில நொடிகள் தாங்கினால் முதல் உலகக் கோப்பை. கூடுதல் நிமிடத்தில் ஒரு கார்னர், ஒரு தலை, 2–2. மைதானத்தில் அப்படியே சரிந்து உட்கார்ந்தவர்களில் நடுக்கள வீரர் ஹாஜிமே மொரியாசுவும் இருந்தார். ஜே லீக் பிறந்து ஐந்தே மாதம்.

இந்த ஒரு மனிதரை நோட்டின் ஓரத்தில் தொடர்ந்து வாருங்கள். கடைசியாக அவர் ஆடிய அணி எது தெரியுமா? என் வெகால்டா செண்டாய். பயிற்சியாளராகி, 2012இல் ஹிரோஷிமாவுக்குப் பட்டம் வாங்கிக் கொடுத்தார். அந்த ஆண்டு இரண்டாம் இடத்தில் நின்றது அதே செண்டாய். இதற்காக அவர் மேல் எனக்குச் சின்ன வருத்தம் உண்டு. பிறகு தேசிய அணியின் பயிற்சியாளர். எந்த நாட்டில் சரிந்து உட்கார்ந்தாரோ அதே கத்தாரில், 29 ஆண்டுகள் கழித்து, ஜெர்மனியையும் ஸ்பெயினையும் வென்றார். இரண்டு ஆட்டத்துக்கும் நடுவில் கோஸ்டாரிகாவிடம் 0–1 என்று தோற்றதையும் எழுதுங்கள். அடுத்த சுற்றில் குரோவேஷியாவிடம் பெனால்டியில் போனதையும் எழுதுங்கள்.

நடுவில் விட்டதை நிரப்பிவிடுகிறேன். 1997 நவம்பரில் மலேசியாவின் ஜொகூர் பாருவில், ஈரானுக்கு எதிராகக் கூடுதல் நேரத்தில் ஒகானோ போட்ட கோலால் 3–2 என்று முதல் முறை தகுதி. 1998 பிரான்சில் ஆடிய மூன்றிலும் தோல்வி. அந்த 22 பேரும் ஜே லீக்கில் ஆடியவர்கள், வெளிநாட்டு அணியில் ஒருவர்கூட இல்லை. 2022இல் போன அணியில் பெரும்பாலோர் ஐரோப்பாவில் ஆடுகிறவர்கள். வளர்ச்சியை ஒரு வரியில் காட்டச் சொன்னால் நான் இந்த இரண்டு பட்டியல்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைப்பேன்.

2018க்கு மட்டும் நோட்டில் தனிப் பக்கம் ஒதுக்குங்கள். பெல்ஜியத்துக்கு எதிராக 2–0 முன்னிலை, பிறகு 2–2. 94ஆம் நிமிடம் ஜப்பானுக்குக் கார்னர். பந்தைத் தூக்கிப் போட்டார்கள். கோல்கீப்பர் கூர்துவா பிடித்தார், உடனே உருட்டிவிட்டார். டி ப்ரூய்னே நடுவில் ஓடினார், வலப்பக்கம் மூனியே, அவர் கொடுத்ததை லுக்காக்கு தொடாமல் விட்டார், பின்னால் வந்த சாட்லி தட்டிவிட்டார். 3–2. கார்னருக்காக மேலே போன ஜப்பானியர்கள் திரும்பி ஓடி வருவதற்குள் கதை முடிந்தது. இந்தக் காட்சியை ஒவ்வொரு வீரரையும் தனித்தனியாகப் பார்த்தபடி ஐந்தாறு முறை ஓடவிடுங்கள். எவர் எந்த நொடியில் திரும்புகிறார், எவர் நடக்கிறார் என்று பாருங்கள். கால்பந்து பார்க்கக் கற்றுக்கொள்ள இதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியாது.

ஆட்டம் முடிந்ததும் அவர்கள் ஆடைமாற்றும் அறையைக் கூட்டிப் பெருக்கிவிட்டுப் போனது, ரசிகர்கள் நீலப் பையில் குப்பை பொறுக்கியது எல்லாம் வாட்ஸ்அப்பில் உங்களுக்கு வந்திருக்கும். அதற்கு மேல் நான் சொல்ல ஒன்றுமில்லை.

மகளிர் அணியை விட்டுவிடாதீர்கள்

என் மகள் கேட்டதால் சேர்க்கவில்லை, நானாகத்தான் சேர்க்கிறேன். ஆண்கள் அணி 2022 உலகக் கோப்பை வரை காலிறுதியைத் தாண்டியதில்லை என்பதுகூடச் சரியில்லை, காலிறுதிக்கே போனதில்லை. பெண்கள் உலகக் கோப்பையையே வாங்கிவிட்டார்கள். 2011 ஜூலை, ஃபிராங்க்ஃபர்ட், சுனாமி நடந்து நான்கு மாதம். அமெரிக்காவுக்கு எதிராக 117ஆம் நிமிடத்தில் ஹொமாரே சாவா 2–2 ஆக்கினார். பெனால்டியில் 3–1. அந்தத் தொடரில் அதிக கோல் போட்டவரும் அவரே, சிறந்த வீராங்கனையும் அவரே. அணியை நாதேஷிகோ என்பார்கள், ஓர் இளஞ்சிவப்புப் பூவின் பெயர். தொழில்முறை மகளிர் லீக் 2021இல் தொடங்கியது.

நம் பக்கமும் சும்மா இல்லை. மதுரையை இருப்பிடமாகக் கொண்ட சேது எஃப்சி 2019இல் இந்திய மகளிர் லீக்கை வென்றது. அன்று பெரியார் பேருந்து நிலையத்தில் நின்று நூறு பேரைக் கேட்டிருந்தால் எத்தனை பேருக்குத் தெரிந்திருக்கும்?

பேரரசர் கோப்பை

கடைசியாக ஒன்று. 1921இலிருந்து நடக்கும் இந்தக் கோப்பையில் கல்லூரி அணியும் தொழில்முறை அணியும் ஒரே மைதானத்தில் மோதும். 2017 ஜூனில் சுகுபா பல்கலைக்கழகம் முதல் பிரிவு அணி ஒன்றை 3–2 என்று வென்றது. தோற்ற அணி எது என்று நான் சொல்ல வேண்டியதில்லை, நெசவுக்காரிக்கு அன்று நேரம் சரியில்லை. இரண்டு கோல் போட்ட மாணவன் கவோரு மிதோமா. கவாசாகி அணி தன் இளையோர் பிரிவிலிருந்து மேலே கூப்பிட்டபோது, முதலில் படிக்கிறேன் என்று பல்கலைக்கழகத்துக்குப் போனவர். பந்தைக் கடத்திப் போவது எப்படி என்பதையே பட்ட ஆய்வாக எழுதியவர். 2022இல் ஸ்பெயினுக்கு எதிராக, கோட்டை இரண்டு மில்லிமீட்டருக்கும் குறைவாகத் தொட்டுக்கொண்டிருந்த பந்தை உள்ளே திருப்பிவிட்டவரும் இவரே. அந்தக் கோலைப் பார்த்துத்தான் நான்கு பையன்கள் என் கடைக்கு 16 சட்டை கேட்டு வந்தார்கள்.

சட்டை என்றதும் ஞாபகம் வருகிறது. மூன்று கால் காக்கைச் சின்னத்தை இப்போது நான் அச்சடிப்பதில்லை. அது அவர்கள் சங்கத்தின் முத்திரை, என் கடைச் சரக்கு அல்ல என்று பிறகுதான் உறைத்தது. உங்கள் அணிக்குச் சட்டை வேண்டுமானால் உங்கள் ஊரிலிருந்து ஒன்றைக் கொண்டுவாருங்கள். ஒத்தக்கடைப் பையன்களுக்கு யானைமலையைப் பக்கவாட்டில் வரைந்து கொடுத்தேன், தும்பிக்கை நீண்டு படுத்திருக்கிற மாதிரியே வந்தது. உபயதாரர் பெயர் முதுகில், ஊர்ப் பெயர் நெஞ்சில். இந்த ஏற்பாட்டுக்கு ஒப்புக்கொள்ளும் உபயதாரர் கிடைத்தால் தையல் கூலியில் குறைத்துக்கொள்வேன்.

இரண்டு கால் காக்கை யாருடைய முத்திரையும் அல்ல, அதனால் அந்த 16 சட்டைகளைப் பாதி விலைக்கு விற்றுவிட்டேன். 15 போய்விட்டன. 38 அளவில், 8ஆம் எண் ஒன்று மட்டும் கடையில் தொங்குகிறது. வேண்டுமென்கிறவர்கள் ஞாயிறு காலை பத்தரைக்கு முன்பே வந்துவிடுங்கள். அதற்குப் பிறகு வந்தால் நடு விசில் வரை நான் நிமிர்ந்து பார்க்க மாட்டேன்.